சரியான பிழை: எங்கள் பேச்சில் வாழும் பகிடி

சென்ற தவணையில் ஒரு நாள், தரம் 10 மாணவிகளின் கட்டுரைக் கொப்பிகளைத் திருத்தி வகுப்பில் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஒரு மாணவி தன் கட்டுரையில், "உம்மாவுக்குச் சொல்லாமல் கடற்கரைக்குப் போனது சரியான பிழை" என்று எழுதியிருந்தாள். நான் அதன் கீழே சிவப்பு மையால் கோடு போட்டு, "மிகப் பெரிய தவறு" என்று மாற்றியிருந்தேன். கொப்பியை வாங்கிய பிள்ளை எழுந்து நின்றாள்.

"ரீச்சர், நான் எழுதினது சரியோ பிழையோ?"

"பிழை."

"என்ன மாதிரிப் பிழை ரீச்சர்?"

"சரியான பிழை" என்று என் வாய் என்னை அறியாமலே சொல்லிவிட்டது.

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். பாடவேளை முடிய இன்னும் இருபது நிமிடம் இருந்தது. கட்டுரைத் திருத்தத்தை அப்படியே நிறுத்திவிட்டு, நாம் ஏன் சிரித்தோம் என்பதையே பாடமாக எடுத்துக்கொண்டோம். அன்று பேசியவற்றையும் அன்று பேசத் துணியாத ஒன்றையும் சேர்த்து, மாணவிகளுக்கும் பெற்றோருக்கும் இங்கே எழுதுகிறேன்.

சரி எப்படிப் பிழையாகும்?

யாழ்ப்பாணத்துப் பேச்சில் "சரியான" என்பது "பிழையற்ற" என்ற பொருளோடு நின்றுவிடுவதில்லை. சரியான வெயில், சரியான பசி, சரியான சனம் என்று எதனையும் மிகுதிப்படுத்த அச்சொல்லைப் பயன்படுத்துகிறோம். "சரியான பிழை" என்றால் ஐயத்துக்கு இடமில்லாத, முழுமையான பிழை. இப்படிப் பொருள் நகர்வது எமது ஊருக்கு மட்டும் உரியதன்று. தமிழ்நாட்டில் "பயங்கர அழகு" என்று புகழ்வார்கள். அங்கே அழகைக் கண்டு யாரும் பயப்படுவதில்லை.

இதே போலத்தான் "வடிவு" என்ற சொல்லும். "வடிவாச் சாப்பிடுங்கோ" என்று நாம் உபசரித்தால், வெளியூர் விருந்தாளி அழகாகச் சாப்பிடுவது எப்படி என்று யோசிப்பார். நன்றாக, வயிறு நிறைய என்பதே நாம் சொல்ல வந்தது. "வடிவாக் கேளுங்கோ" என்றால் கவனமாகக் கேளுங்கள்.

எல்லாவற்றையும் விடக் குழப்பம் தருவது "பேசுதல்". நமக்கு உரையாடுவது "கதைத்தல்". "பேசுதல்" என்றால் பெரும்பாலும் ஏசுதல். "உம்மா என்னைப் பேசினா" என்று ஒரு பிள்ளை கண்ணைக் கசக்கினால் அதன் காரணம் யாழ்ப்பாணத்தவர்க்கு உடனே விளங்கும். மாணவிகள் இதிலே ஓர் இலக்கண நுட்பத்தைக் கவனிக்க வேண்டும். மற்ற ஊர்களில் "என்னோடு பேசினார்" என்று மூன்றாம் வேற்றுமை வரும். நமது ஏச்சில் "என்னைப் பேசினார்" என்று இரண்டாம் வேற்றுமை வரும். ஒரு சின்ன உருபுதான் அன்பையும் ஏச்சையும் பிரித்து வைக்கிறது. அந்த உருபை அவசரத்தில் விழுங்கிவிட்டால் சண்டைதான்.

அப்படி ஒரு சண்டை எங்கள் வீட்டிலேயே நடந்தது. நாங்கள் புத்தளத்தில் இருந்த காலத்தில் பக்கத்து வீட்டுப் பெண்மணி என் உம்மாவிடம் வந்து, "உங்க மகள் நல்ல பிள்ளை. நேத்து முழுக்க நான் பேசிக்கிட்டே இருந்தேன்" என்று மனமகிழ்ந்து சொன்னார். உம்மாவின் முகம் கறுத்துவிட்டது. "என்ட பிள்ளை என்ன செய்தவள் எண்டு முழுநாளும் பேசினனீங்கள்?" என்று கேட்டுவிட்டார். இருவரும் சமாதானமாக ஒரு கிழமை சென்றது. அதன் பின்பு இருபது வருடங்கள் அவர்கள் இணைபிரியாச் சிநேகிதிகளாக இருந்தார்கள். சந்திக்கும்போதெல்லாம், "இண்டைக்குக் கதைப்பமோ, பேசுவமோ?" என்று கேட்டே ஆரம்பிப்பார்கள்.

சிரிப்புக்கு எத்தனை பெயர்!

ஓர் ஊரில் ஒரு பொருளுக்கு எத்தனை சொற்கள் உண்டு என்று எண்ணிப் பார்த்தால், அந்த ஊருக்கு அப்பொருள் எவ்வளவு வேண்டப்பட்டது என்று தெரியும். சிரிப்புக்கு நம்மிடம் உள்ள சொற்களைப் பாருங்கள்.

"முசுப்பாத்தி" என்பது கூடியிருப்போர் எல்லோரும் சேர்ந்து அனுபவிக்கும் மகிழ்ச்சி. இதிலே யாருக்கும் நோவதில்லை. "பம்பல்" என்பதும் அதற்கு அயலில் உள்ள சொல்தான், கொஞ்சம் ஆரவாரம் கூட. "பகிடி" என்றால் ஒருவர் சொல்லி மற்றவர் சிரிப்பது. "நளினம்" என்ற சொல்லில் மெல்லிய ஊசி ஒன்று ஒளிந்திருக்கிறது. தமிழ்நாட்டில் நளினம் என்றால் நயம், அழகு. நம்மூரிலோ, "என்ன, நளினம் பண்ணுறியளோ?" என்று யாராவது கேட்டால் அவர் மனம் புண்படத் தொடங்கிவிட்டது என்று பொருள். "நக்கல்" என்பதில் ஊசி வெளியே தெரியும். "சேட்டை" எல்லை தாண்டியது. அதற்கு அடுத்தபடி அதிபரின் அலுவலகம்தான்.

முசுப்பாத்தியிலிருந்து சேட்டைவரை இது ஒரு வெப்பமானி மாதிரி. எந்த அளவில் நிற்கிறோம் என்று பார்க்கத் தெரிந்தவளே நகைச்சுவை தெரிந்தவள்.

நகைக்கு நான்கு காரணம்

தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகள் சொல்லப்படுகின்றன. அவற்றுள் முதலாவதாக வைக்கப்பட்டிருப்பது நகை. அந்த நகை தோன்றுவதற்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்கு காரணங்களை அந்நூல் கூறுகிறது. மழலையின் பேச்சைக் கேட்டுச் சிரிப்பது இளமையால் வந்த நகை. அறியாமையைக் கண்டு சிரிப்பது பேதைமையால் வந்தது. சொன்னதை அப்படியே நம்பிவிடும் வெள்ளை மனத்தைக் கண்டு சிரிப்பது மடனால் வந்தது.

நான்கினுள்ளும் கவனமாகப் படிக்க வேண்டியது எள்ளல். இதற்கு உரை எழுதிய பேராசிரியர் எள்ளலை இரண்டாகப் பிரிக்கிறார். நாம் பிறரை இகழ்ந்து சிரிப்பது ஒன்று. பிறர் நம்மை இகழ்ந்தபோது நாமே சிரிப்பது மற்றொன்று. இந்த இரண்டாவது வகையை நான் பல்கலைக்கழகத்தில் படித்தபோது சட்டென்று என் வாப்பாவின் முகம் நினைவுக்கு வந்தது.

கோ தொலைந்த கதை

1990 ஒக்ரோபர் 30ஆம் திகதி, யாழ்ப்பாண நகரில் வாழ்ந்த முஸ்லிம்களை இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறுமாறு விடுதலைப் புலிகள் பணித்தார்கள். வடக்கு மாகாணத்தின் ஏனைய பகுதிகளில் இருந்தும் அந்த மாதத்தில் முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள். எல்லாமாகச் சுமார் 75,000 பேர். பெரும்பாலானோர் புத்தளம் மாவட்டத்தில் தஞ்சமடைந்தனர். அப்போது எனக்குப் பதினொரு வயது. ஐந்து சந்திக்கு அருகே தையல்கடை வைத்திருந்த வாப்பா, கத்தரிக்கோலைக்கூட எடுத்து வர முடியாமல் வந்தார்.

புத்தளத்து மக்கள் எங்களை வரவேற்றுச் சோறு தந்தார்கள், காணி தந்தார்கள். அந்த நன்றி எங்களுக்கு என்றும் உண்டு. ஆனால் பிள்ளைகள் பிள்ளைகள்தானே. நான் சேர்ந்த பாடசாலையில் என் பேச்சு எல்லோருக்கும் வேடிக்கையாக இருந்தது. முதல் நாளே ஆசிரியர், "கணக்குக் கொப்பி எங்கே?" என்று கேட்டார். "வீட்டிலை கிடக்கு சேர்" என்றேன். நாம் காசு கிடக்கு, நேரம் கிடக்கு என்று எல்லாவற்றையும் கிடக்க வைப்பவர்கள். அவருக்கோ, நான் கொப்பியை எங்கோ எறிந்துவிட்டு வந்த மாதிரிப் பட்டது. "கிடந்தா எடுத்து வைக்கத் தெரியாதா?" என்று கேட்டார். வகுப்பு சிரித்தது.

அடுத்து, எங்கள் "ங்கோ". வாங்கோ, இருங்கோ, சொல்லுங்கோ என்று மரியாதையாகச் சொல்லி வளர்ந்தவள் நான். அங்கே "வாங்க, இருங்க" என்பதே வழக்கம். என் "கோ" சேவல் கூவுவது போல இருப்பதாக ஒருத்தி கண்டுபிடித்தாள். அன்றிலிருந்து என் பெயர் "கொக்கரக்கோ". நான் வகுப்புக்குள் நுழைந்தால் பின்வாங்கில் இருந்து ஒரு சேவல் கூவும்.

ஒரு மாதத்துக்குள் நான் "கோ"வை விட்டுவிட்டேன். யாரும் விடச் சொல்லவில்லை. நாக்கு தானாகவே கற்றுக்கொண்டது. ஒரு நாள் இரவு எங்கள் ஓலைக் கொட்டிலின் வாசலில் நின்று, "வாப்பா, சாப்பிட வாங்க" என்று கூப்பிட்டேன். வாப்பா திரும்பிப் பின்னால் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ஆரைக் கூப்பிடுறாய்?"

"உங்களைத்தான் வாப்பா."

"கோ எங்கை?"

நான் பேசாமல் நின்றேன்.

"வீடு, கடை, மெசின் எல்லாத்தையும் விட்டிட்டு வந்தம். கோவையுமா மகள் விட்டிட்டு வந்தம்?"

அவர் சிரித்துக்கொண்டேதான் கேட்டார். நானும் சிரித்தேன். ஆனால் உம்மா அடுப்படியில் இருந்து எழுந்து வெளியே போய்விட்டார்.

வாப்பா அப்படித்தான். மழைக்குக் கொட்டில் ஒழுகினால், "யாழ்ப்பாணத்திலை கிணறு வளவுக்கு வெளியிலை. இஞ்சை வீட்டுக்குள்ளையே கிணறு" என்பார். எங்கள் பேச்சில் உள்ள "உவர்" என்ற சொல்லையும் அவர் விடவில்லை. உது, உவன், உங்கே என்று தூரத்துக்கும் அண்மைக்கும் இடையில் நிற்பதைச் சுட்ட "உ" என்ற எழுத்தைத் தொல்காப்பியம் சுட்டெழுத்துகளுள் ஒன்றாகச் சொல்கிறது. பல ஊர்களில் பேச்சில் மறைந்துபோன அந்தச் சுட்டு, யாழ்ப்பாணத்தில் உது, உவர், உங்கை என்று இன்றும் உயிரோடு இருக்கிறது. வாப்பா ஒருமுறை கடைக்காரரிடம், தெருவில் போன ஒருவரைக் காட்டி, "உவர் எங்கை போறார்?" என்று கேட்டார். "உவர்" என்றால் உப்புத்தன்மை என்றே கடைக்காரருக்குத் தெரியும். அவர் விழித்தார். வாப்பா உடனே, "புத்தளத்திலை உவர் வேறை எங்கை போகும்? உப்பளத்துக்குத்தான்" என்று தானே பதிலையும் சொல்லிவிட்டார். கடைக்காரர் சிரித்த சிரிப்பில் ஒரு மாதக் கடன் கிடைத்தது.

பேராசிரியர் சொன்ன இரண்டாவது எள்ளல் இதுதான். வாப்பா தன் பேச்சைத் தானே பகிடியாக்கினார். அதனால் அந்தப் பேச்சு அவரிடமே இருந்தது. என் பேச்சை மற்றவர்கள் பகிடியாக்கினார்கள். அதனால் அது என்னை விட்டுப் போய்விட்டது.

வானொலியில் நான்கு பேர்

பேச்சு வழக்கைக் கொண்டு சிரிக்கவைப்பது நம் நாட்டில் ஒரு கலையாகவே வளர்ந்திருக்கிறது. சானா என்று அழைக்கப்பட்ட சண்முகநாதன், இலங்கை வானொலியில் "லண்டன் கந்தையா" போன்ற நாடகங்களால் யாழ்ப்பாணத்துப் பேச்சை நாடெங்கும் கேட்கச் செய்தார். இலங்கையர்கோனின் "விதானையார் வீட்டில்" நாடகத்தையும் அக்காலத்து மக்கள் விரும்பிக் கேட்டார்கள்.

பெற்றோரில் பலருக்குக் "கோமாளிகளின் கும்மாளம்" நினைவிருக்கும். எஸ். ராமதாஸ் எழுதிய அந்த வானொலித் தொடர், 1976இல் "கோமாளிகள்" என்ற திரைப்படமாகவும் வந்தது. அதிலே நான்கு பேர். யாழ்ப்பாணத் தமிழ் பேசும் அப்புக்குட்டி, முஸ்லிம் தமிழ் பேசும் மரிக்கார், சிங்கள வாடையோடு தமிழ் பேசும் உபாலி, பிராமணத் தமிழ் பேசும் ஐயர். யார் யாராக நடித்தார்கள் என்று பாருங்கள். மரிக்காராக ராமதாஸ். ஐயராகப் பி. எச். அப்துல் ஹமீட். அப்புக்குட்டியாக ரி. ராஜகோபால். உபாலியாக எஸ். செல்வசேகரன். அந்தப் பாத்திரங்களின் பெயர்கள் நடிகர்களின் பெயர்களோடு ஒட்டிக்கொண்டு, மரிக்கார் ராமதாஸ், உபாலி செல்வசேகரன் என்றே அவர்கள் அழைக்கப்பட்டார்கள்.

ஒரு முஸ்லிம் கலைஞர் ஐயராகவும், முஸ்லிம் அல்லாத கலைஞர் ஒருவர் மரிக்காராகவும் பேசியபோது யாரும் கோபப்படாமல் நாடே சிரித்தது. அதற்குக் காரணம் இருப்பதாக நான் நினைக்கிறேன். நான்கு பேச்சுக்கும் அங்கே சமமான இடம் இருந்தது. ஒவ்வொருவரும் தம் முறை வரும்போது மற்றவரைச் சிரிக்கவைத்தார்கள். சிரிக்கப்படுவதற்கென்றே ஒருவர் ஒதுக்கப்படவில்லை. மற்றவரின் பேச்சை நடிக்க வேண்டுமானால் முதலில் அதைக் காது கொடுத்துக் கேட்க வேண்டும். கேட்பதே மரியாதைதான்.

2000ஆம் ஆண்டில் "தெனாலி" திரைப்படம் வந்தது. அதிலே கமல்ஹாசன் இலங்கைத் தமிழராக வந்து யாழ்ப்பாணத்துப் பேச்சில் பேசினார். புத்தளத்தில் ஒரு வீட்டு முற்றத்தில் பலர் கூடியிருந்து அப்படத்தைப் பார்த்தோம். அப்போது எனக்கு இருபத்தொரு வயது. எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தபோது எனக்கு ஒரு கண்ணில் பெருமை, மறு கண்ணில் கூச்சம். படம் முடிந்ததும் ஒரு சிறுவன் என்னிடம் வந்து, "நீங்களும் அப்பிடிப் பேசுவீங்களா?" என்று கேட்டான். "ஓம்" என்றேன். பத்து வருடங்களுக்குப் பிறகு என் வாயில் இருந்து வந்த முதல் "ஓம்" அது.

சிலெட்டில் இருந்து லண்டனுக்கு

இந்த அனுபவம் நமக்கு மட்டும் உரியதா என்று பிள்ளைகள் கேட்டார்கள். என் மாமி மகள் கிழக்கு லண்டனில் வசிக்கிறாள். அங்கே அவளுடைய அயலவர்கள் வங்காளதேசத்து முஸ்லிம்கள். அந்நாட்டின் வடகிழக்கில் உள்ள சிலெட் பிரதேசத்தில் இருந்து வந்தவர்கள். பிரித்தானியாவில் வாழும் வங்காளதேசத்தவரில் மிகப் பெரும்பாலோர் அந்த ஒரு பிரதேசத்தைச் சேர்ந்தவர்கள்தான்.

அவர்களின் பேச்சு ஏனைய வங்காளிகளின் பேச்சில் இருந்து வேறுபட்டது. "என்ன?" என்பதற்கு மற்றவர்கள் "கீ" என்பார்கள், இவர்கள் "கிதா" என்பார்கள். மற்றவர்களுக்குத் தண்ணீர் "பானி" என்றால் இவர்கள் வாயில் அது "ஃபானி". இதைச் சொல்லியே மற்றவர்கள் இவர்களைப் பகிடி பண்ணுவார்களாம். இவர்களும் சும்மா இருப்பதில்லை. தங்களைத் தாங்களே பகிடி பண்ணுவதில் இவர்களை மிஞ்ச ஆளில்லை என்கிறாள் என் மச்சாள். லண்டனுக்குப் போய்ப் பணத்தோடு ஊர் திரும்புபவரைச் சிலெட்டில் "லண்டனி" என்று அழைப்பார்கள். அந்தச் சொல்லில் மரியாதையும் உண்டு, மெல்லிய நளினமும் உண்டு. லண்டன் கந்தையாவைக் கேட்டு வளர்ந்த நமக்கு லண்டனியை அறிமுகம் செய்ய வேண்டுமா?

இன்னொரு ஒற்றுமையும் உண்டு. சிலெட் மக்கள் தம் பேச்சை எழுதுவதற்கு "சிலெட்டி நாகரி" என்று ஒரு தனி எழுத்தையே வைத்திருந்தார்கள். நம் முன்னோர் தமிழை அறபு எழுத்தில் எழுதி அறபுத் தமிழ் வளர்த்தார்கள். வீட்டில் பேசும் பேச்சை எழுதி வைக்கத் தகுந்த செல்வமாக இரு சாராரும் மதித்திருக்கிறார்கள். சிவப்பு மையோடு இருக்கும் என் போன்ற ஆசிரியைகள் இதை அடிக்கடி நினைத்துக்கொள்ள வேண்டும்.

நான் செய்த பிழை

அன்று வகுப்பில் சொல்லத் துணியாததை இப்போது சொல்கிறேன்.

யுத்தம் முடிந்த பின்பு, 2012இல் நாங்கள் யாழ்ப்பாணம் திரும்பினோம். எங்களைப் போலவே பல குடும்பங்கள் திரும்பின. ஆனால் திரும்பி வந்த பிள்ளைகள் இங்கே பிறந்தவர்கள் அல்லர். அவர்கள் புத்தளத்தில் பிறந்து, அந்த மண்ணின் பேச்சைப் பேசி வளர்ந்தவர்கள். சிலருடைய உம்மாமார் கண்டி, கொழும்புப் பக்கத்தவர்கள். அப்படி ஒரு பிள்ளை ஒரு நாள் பாடசாலைக்கு வராமல் அடுத்த நாள் வந்து, "தாத்தாவுக்குக் கலியாணம், அதுதான் வரல்ல" என்றாள். பக்கத்து வகுப்பு ஆசிரியை, "இந்த வயசிலையோ?" என்று வாயில் கை வைத்தார். அவருக்குத் தாத்தா என்றால் பாட்டனார். அப்பிள்ளையின் வீட்டில் தாத்தா என்றால் மூத்த சகோதரி. எங்கள் வீட்டில் நாங்கள் ராத்தா என்போம். சிங்களத்திலோ தாத்தா என்றால் தகப்பன். ஒரே கலியாணத்தில் அக்காவும் அப்பாவும் பாட்டனாரும் மாப்பிள்ளை பெண்ணாக நின்றார்கள். அந்தப் பிள்ளையும் சேர்ந்து சிரித்தாள். அது முசுப்பாத்தி.

இன்னொரு நாள் நடந்தது முசுப்பாத்தி அன்று. நான் கேட்ட கேள்விக்கு ஒரு மாணவி எழுந்து, "அந்தப் பாட்டு புத்தகத்தில ஈக்கிது ரீச்சர்" என்றாள். நானும் யோசிக்காமல் அவளைப் போலவே இழுத்து, "ஈக்கிதோ? ஈக்கில் குச்சியோ?" என்றேன். வகுப்பு அதிரச் சிரித்தது. எனக்கு உள்ளூர ஒரு பெருமை, நன்றாகச் சொன்னேன் என்று.

அதன் பிறகு அந்தப் பிள்ளை வகுப்பில் கை உயர்த்தவில்லை. ஒரு கிழமை, இரண்டு கிழமை. கேள்வி கேட்டால் எழுந்து நின்று தலையை ஆட்டுவாள். ஒரு நாள் நானே அவள் பெயரைச் சொல்லிப் பதில் கேட்டேன். அவள் மிகக் கவனமாக, ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்து, "புத்தகத்தில் இருக்கின்றது" என்றாள். அந்தக் கவனம் எனக்கு மிகவும் பழக்கமான கவனம். பின்வாங்கில் இருந்து ஒரு சேவல் கூவியது போல் இருந்தது. இந்த முறை கூவியது நான்.

அன்று பின்னேரம் அவளைக் கூப்பிட்டு, என் பழைய பட்டப்பெயரைச் சொன்னேன். கோ தொலைந்த கதையையும் சொன்னேன். மன்னிப்பும் கேட்டேன். அவள் உடனே ஒன்றும் சொல்லவில்லை. வாசல்வரை போய்த் திரும்பி, "ரீச்சர், கொக்கரக்கோ நல்லா ஈக்கிது" என்றுவிட்டு ஓடிவிட்டாள். அது எனக்குக் கிடைத்த மன்னிப்பு.

பகிடியும் வதையும்

பல்கலைக்கழகத்துக்குப் புதிதாக வரும் மாணவர்களை மூத்தவர்கள் துன்புறுத்துவதற்கு நம் நாட்டுத் தமிழில் "பகிடிவதை" என்று பெயர். எவ்வளவு பொருத்தமான சொல்! பகிடியும் வதையும் ஒட்டிப் பிறந்த இரட்டையர் போல ஒரே சொல்லில் நிற்கின்றன. செய்பவன் முன்பாதியை மட்டும் கேட்கிறான். படுபவன் பின்பாதியை மட்டும் கேட்கிறான். 1998ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கச் சட்டம் கல்வி நிறுவனங்களில் அதனைக் குற்றமாக்கியுள்ளது. ஆனால் சட்டம் வகுப்பறையின் பின்வாங்குவரை வராது. அங்கே நாமேதான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அல்குர்ஆனில் ஸூரத்துல் ஹுஜுராத்தின் 11ஆவது வசனம் ஒருவரை ஒருவர் பரிகசிப்பதையும், பட்டப்பெயர்களால் அழைப்பதையும் தடுக்கிறது. அங்கே ஆண்களுக்குச் சொன்னதோடு நிறுத்தாமல் பெண்களையும் தனியே குறிப்பிட்டிருப்பது நாம் சிந்திக்க வேண்டியது.

அதற்காகச் சிரிக்காமல் இருக்க முடியுமா? சிரிப்பில்லாத வீட்டில் யார் இருப்பார்? எது பகிடி, எது வதை என்று அறிய நான் எனக்கென்று ஓர் அளவுகோல் வைத்திருக்கிறேன். பகிடி முடிந்த பின்பு அதற்கு ஆளானவள் முன்னரைவிடக் கூடக் கதைக்கிறாளா, குறையக் கதைக்கிறாளா என்று பார்ப்பேன். கூடக் கதைத்தால் அது பகிடி. குறையக் கதைத்தால், எவ்வளவு அழகான சொல்விளையாட்டாக இருந்தாலும், அது வதை.

செய்து பார்ப்போம்

மாணவிகள் இந்த விடுமுறையில் செய்யக்கூடிய சில வேலைகள்:

1. உங்கள் வீட்டு மூத்தவர்களிடம் அவர்களின் ஊரில் மட்டும் வழங்கும் பத்துச் சொற்களைக் கேட்டு, அவர்கள் சொல்லும் ஒலியிலேயே எழுதுங்கள். யாழ்ப்பாணம், புத்தளம், மன்னார், கண்டி எந்த ஊராயினும் சரி.

2. அந்தச் சொற்களால் அவர்கள் வாழ்வில் நேர்ந்த ஒரு குழப்பத்தை ஒரு பக்கத்தில் கதையாக எழுதுங்கள்.

3. முசுப்பாத்தி, பம்பல், பகிடி, நளினம், நக்கல், சேட்டை ஆகிய சொற்களுக்கு ஒவ்வோர் உதாரணம் எழுதுங்கள். தோழியின் பெயரைப் பாவிக்க வேண்டாம். உங்கள் பெயரையே பாவியுங்கள்.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளைகள் வீட்டில் பேசும் கலவைப் பேச்சைக் கேட்டுக் கவலைப்பட வேண்டாம். பரீட்சைக்கு வேண்டிய எழுத்துத் தமிழை நாங்கள் கற்பிக்கிறோம். அவர்களின் "கோ"வும் "ஈக்கிது"வும் நீங்கள் நடந்து வந்த பாதையின் அடையாளங்கள். அவற்றை வீட்டில் வைத்திருங்கள்.

வாப்பா யாழ்ப்பாணம் திரும்பாமலே புத்தளத்தில் மௌத்தாகிவிட்டார். என் மகள் அங்கே பிறந்தவள். "சாப்பிட வாங்க" என்றுதான் இன்றும் என்னைக் கூப்பிடுகிறாள். சில நாட்களில், குறும்பு கூடினால், வாசலில் நின்று "சாப்பிட வாங்கோ...கோ...கோ" என்று நீட்டி முழக்குவாள். சேவல் கூவுவது போலவேதான் இருக்கும். எங்கள் வீட்டில் அதற்குச் சரியான சிரிப்பு.

அந்த மாணவியின் கட்டுரையில் நான் போட்ட சிவப்புக் கோட்டை இப்போது அழிக்க முடியாது. அதன் பக்கத்தில் ஒரு சரி அடையாளமும் போட்டுக் கொடுத்திருக்கிறேன்.